கட் சொன்ன வாய்

மோவாய் மட்டும் திரும்புகிறது, இடது பக்கமாக, கொஞ்சமாக, அதற்குள் என் குரல் கட் என்கிறது, திரை இருண்டுவிடுகிறது, எடிட்டர் அரசி மறுபடி ஓட்டுகிறாள், கடை ஷட்டர் இறங்குகிறது, மோவாய் திரும்புகிறது, கட், போதும்மா நிறுத்து என்கிறேன், கண் எரிகிறது, கல்யாணத்துக்கு முந்தியிலிருந்தே எரிகிற கண்தான், ஆனால் அதெல்லாம் ஊரார் படத்துக்கு எரிந்தது, இது என் படம், தலை நரைத்தபிறகு கிடைத்த முதல் படம், இது போனால் இன்னொன்று எவன் தருவான்.

எடிட்டராக இருந்த காலத்தில் எத்தனை டைரக்டர்களைத் திட்டியிருப்பேன், ஷாட் முடிஞ்சதும் கொஞ்சம் விட்டுவைங்கய்யா, மூச்சுவிட இடமில்லாம எப்படி வெட்டுறது என்று, இதே சாலிகிராமம் எடிட்டிங் அறையில் கத்திக் கத்தியே தொண்டை போனது, அப்படிப்பட்ட நான் டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்த முதல் நாளே மனசுக்குள் வெட்ட ஆரம்பித்துவிட்டேன், இது இங்கே முடியும், அது அங்கே ஒட்டும், வேண்டியது வந்ததும் கட், ஒரு நொடி வீணாக்காத ஆள் என்று தயாரிப்பாளர் தோளில் தட்டினார், எனக்குப் பெருமை பிடிபடவில்லை, கடைசிக் காட்சியன்று செல்லக்கண்ணு அண்ணன் பக்கத்தில் வந்தார், ஆயுசு முழுக்கச் சினிமாவில் பிணமாகவும் தரகராகவும் வந்துபோன மனிதர், முதல் தடவையாக ஒரு முழுப்படம் அவர் தோளில், கடையை மூடிட்டுத் தெருவை ஒரு தரம் திரும்பிப் பார்த்துக்கிறேனே தம்பி, இனி எங்க போறதுன்னு அந்தக் கடைக்காரனுக்குத் தெரியாதுல்ல, என்றார், வேண்டாம்ணே, ஷட்டர் இறங்கினதும் படம் முடிஞ்சிடும் என்றேன், சரி தம்பி என்றார், ஆனாலும் அவர் உடம்பு கேட்கவில்லை, திரும்பத் தொடங்கிவிட்டது, நான்தான் விடவில்லை.

அந்த முகம் இல்லாம படம் முடியலை சார், என்கிறாள் அரசி, என்னிடம் அசிஸ்டெண்டாக இருந்தவள், என் பழைய எரிச்சல் அப்படியே அவள் குரலில் இருக்கிறது, மறுபடி எடுக்கலாமே என்று மட்டும் அவள் சொல்லவில்லை, பக்கவாதம் வந்து அண்ணன் விழுந்துவிட்டது அவளுக்கும் தெரியும், அப்படியே விட்டுடும்மா, மோவாயிலேயே முடியட்டும் என்கிறேன், வெட்கமாக இருக்கிறது, ஆஸ்பத்திரிக் கட்டிலில் அண்ணன் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார், நேற்றா, போன வாரமா, கனவிலா, எதை எதற்குப் பின்னால் ஒட்டினேன் என்றே இப்போதெல்லாம் தெரிவதில்லை, வாசலில் நின்று அண்ணே என்றேன், மோவாய் அசைந்தது, இடது பக்கமாக, கொஞ்சமாக, பழக்கதோஷம், நாக்கு நுனிவரை அந்தச் சொல் வந்துவிட்டது, கையால் வாயைப் பொத்திக்கொண்டேன், மெதுவாண்ணே, அவசரமே இல்லை என்று மனசுக்குள் சொல்கிறேன், கன்னம் வருகிறது, கோணிப்போன உதடு வருகிறது, கண் வருகிறது, முழு முகமும் என் பக்கம் திரும்பி நிற்கிறது, நான் கையை எடுக்கவில்லை, அவர் பார்த்துக்கொண்டே இருக்கிறார்.