மாதங்கியின் சேலையில் தீர்த்தம்மாள்

1

இந்தக் கதை எனக்குத் தானாகத் தோன்றியதல்ல, கேட்டு வாங்கப்படுவது. சென்னையில் சிற்றிதழ் நடத்தும் கலைவாணன் போன மாதம் போன் செய்தார். தொலைந்துபோன ஊமைப் படங்களுக்குச் சிறப்பிதழ் போடுகிறார். அதில் ‘வேவுக்காரி மாதங்கி’யைப் பற்றி நான் கதை எழுத வேண்டும். 1930இல் ஒகேனக்கல்லில் எடுத்த படம். போர்க்காலத்தில் பகைவர் கோட்டையின் வரைபடத்தை இடுப்பில் செருகிக்கொண்டு ஒருத்தி ஆற்றைக் கடக்கிறாள். ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை. பரிசல் கவிழும் காட்சியை அந்தக் காலத்துப் பத்திரிகை ஒன்று “தத்ரூபம்” என்று புகழ்ந்திருக்கிறதாம். அதை விட்டுவிடாதீர்கள் மேடம் என்றார். பேரிழப்பு என்று மூன்று முறை சொன்னார்.

2

முதல் தொடக்கம்: ஆடி மாதத்துக் காவிரி மாதங்கியின் காலடியில் சீறிக்கொண்டு

(அடித்துவிட்டேன். ஆறு சீறவில்லை. தன் பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது.)

இரண்டாவது: கதாநாயகி தண்ணீரில் இறங்க மறுத்ததும் இயக்குநர்

(இதுவும் வேண்டாம். அவர்களைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள்.)

3

நடந்ததை நடந்தபடி சொல்கிறேன். ஒகேனக்கல்லில் மீன் வறுத்து விற்கும் சாலம்மாள் அக்கா சொன்னது இது. அவருடைய தாத்தா பச்சியப்பனின் முதல் மனைவி தீர்த்தம்மாள்.

அவளுக்கு அப்போது இருபது வயது. பச்சியப்பன் பரிசல் ஓட்டி. அவளும் ஓட்டுவாள், அவனைவிட நன்றாகவே. கதாநாயகி பயந்ததால் அவளுடைய உடுப்பைத் தீர்த்தம்மாளுக்குக் கட்டிவிட்டார்கள். சுழல் பக்கம் இன்றைக்கு வேண்டாம், இரண்டு நாளில் தண்ணீர் குறைந்துவிடும் என்று அவள் சொல்லியிருக்கிறாள். நாளைக்கு மதராஸுக்கு ரயிலேற வேண்டும் என்றிருக்கிறார்கள் கம்பெனிக்காரர்கள். ஜரிகைச் சேலை, அதன் மேல் தகரக் கவசம். கவசத்தையாவது கழற்றிவிடுங்கள் என்று கேட்டிருக்கிறாள். முந்தின காட்சியில் கவசம் இருந்ததே என்றார்களாம்.

பரிசல் கவிழ்ந்தது. கரையிலிருந்த பச்சியப்பன் குதித்தான். காமிராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தவர் நிறுத்தவே இல்லை. மூன்றாம் நாள் உடல் ஒதுங்கியது. அந்தக் காட்சியைப் படத்தில் அப்படியே வைத்தார்கள். அவள் பெயரை மட்டும் எங்கேயும் போடவில்லை.

படம் தொலைந்ததற்குச் சிறப்பிதழ் போடுகிறோம். அதைத்தான் பேரிழப்பு என்கிறோம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

4

அந்தக் கோபத்தில் ஒரே மூச்சில் எழுதினேன். மூழ்கும் காட்சி மட்டும் இரண்டு பக்கம் வந்தது. (நன்றாக வந்திருந்தது. அதைச் சொல்லத்தான் வெட்கமாக இருக்கிறது.) நான் பள்ளியில் வேலை பார்க்கும் பாலக்கோட்டிலிருந்து பேருந்து பிடித்துப் போய்ச் சாலம்மாள் அக்காவிடம் படித்துக் காட்டினேன். அவர் கல்லில் மீனைத் திருப்பிப் போட்டபடி கேட்டார். சேலை நீரில் விரிந்த வரி வந்ததும் திருப்பியை வைத்துவிட்டார்.

“போதுங்க டீச்சர். அவங்க மிஷின்ல புடிச்சாங்க, நீங்க பேனாவுல புடிக்கறீங்க. ரெண்டு பேருக்கும் அவ முழுவுற எடந்தான் வேணும்.”

திரும்பும் பேருந்தில் பென்னாகரம் வரைக்கும் அவர்மேல் கோபமாக வந்தது. அதற்குப் பிறகு அது யார்மேல் வரவேண்டுமோ அவள்மேல், என்மேலேயே, வந்தது. இரண்டு பக்கங்களையும் கிழித்தேன்.

கலைவாணனிடம் சொன்னபோது அவர் வேறு முடிவுகளைத் தந்தார். அயல்நாட்டுக் கிடங்கு ஒன்றில் படச்சுருள் கிடைப்பதாக முடிக்கலாம். இல்லையென்றால் கீழ்க்கரையில் அவள் பிழைத்து எழுவதாக முடிக்கலாம். அவளைக் கொல்லவும் காப்பாற்றவும் நமக்கு யார் உரிமை கொடுத்தது என்று கேட்டேன். பக்கம் காலியாக இருக்கிறது மேடம் என்றார்.

5

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மன்னிப்புக் கேட்கப் போனேன். அக்கா அதைக் காதில் வாங்கவில்லை. முன்பு சொல்லாத ஒன்றைச் சொன்னார்.

அந்தப் படம் தருமபுரிக்கு டென்ட் கொட்டகையில் வந்ததாம். பச்சியப்பன் நடந்தே போய் மூன்று நாளும் மாலைக் காட்சிக்குத் தரையில் உட்கார்ந்திருக்கிறார். தீர்த்தம்மாள் பரிசலில் ஏறுவாள். கரையைத் திரும்பிப் பார்ப்பாள். அந்த இடத்தில் அவர் எழுந்து வெளியே வந்துவிடுவாராம்.

“அதுக்கு மேல ஒரு நாளும் பாக்கலீங்க.”

படம் என்றைக்காவது கிடைத்தால் பார்ப்பீர்களா என்று கேட்டேன். கல்லில் கிடந்த மீனை எடுத்துத் தட்டில் வைத்தார்.

“அவரு பாத்த வரைக்கும்னா பாக்கறேங்க.”

இப்போது கலைவாணனுக்கு முடிவு வேண்டும். உங்களுக்கும் வேண்டியிருக்கலாம்.

தீர்த்தம்மாள் துடுப்பை வாங்கிக்கொள்கிறாள். கவசம் உறுத்துகிறது போல, தோளைக் குலுக்கிச் சரிசெய்துகொள்கிறாள். பரிசலில் ஏறுகிறாள். காமிரா இருக்கும் பக்கமல்ல, பச்சியப்பன் நிற்கும் பக்கமாகத் திரும்பிப் பார்க்கிறாள்.

நான் எழுந்து வெளியே போகிறேன். நீங்கள் உட்கார்ந்திருந்தால், உங்களை எழுப்ப என்னால் ஆகாது.