டெல்மரின் வலது கால்

“ஷூ எங்கம்மா?”

கோட்டு, சட்டை, டை என்று ஒவ்வொன்றாக எடுத்து மேசைமேல் பரப்பிவிட்டு, பைக்குள் மறுபடியும் கையை விட்டுத் துழாவினார் சைலஸ் ப்ரூவர். கார்வெல் ஊரில் செத்தவர்களைக் குளிப்பாட்டி, உடுத்தி, பெட்டியில் கிடத்துவது அவர் குடும்பத் தொழில்.

“ஷூ வேண்டாம்,” என்றாள் டெல்மரின் மனைவி ரோவெனா. “சாக்ஸும் வேண்டாம்.”

“அதுவும் சரிதான். பெட்டியோட கீழ்ப்பாதி எப்பவும் மூடித்தான இருக்கும். யாரு பாக்கப்போறா.”

“கீழ்ப்பாதியையும் திறக்கணும். நான் தலையாட்டுறப்ப.”

ப்ரூவர் பையைக் கீழே வைத்தார். முந்தின நாள் டெல்மரைக் குளிப்பாட்டியவர் அவர்தான். அவர் பார்க்க வேண்டியதைப் பார்த்திருந்தார். ஆனால் கேட்கவில்லை, கேட்காமல் இருப்பதும் அந்தத் தொழிலில் ஒரு பகுதி. இப்போது மட்டும் கேட்டார்.

“டெல்மருக்கு இது பிடிக்குமாம்மா?”

“பிடிக்காது,” என்றாள் அவள். கையுறையைக் கழற்றி மடித்துக் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டாள். “பிடிக்கவே பிடிக்காது.”

டெல்மர் ப்ரூயிட் வெள்ளிக்கிழமை மதியம் தன் கடையில் ஒரு வேனுக்கு முன்கண்ணாடி பொருத்திக்கொண்டிருந்தபோது நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தான். கண்ணாடிக்குக் கீறல்கூட விழவில்லை. ஆம்புலன்ஸ் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. ஐம்பது வயதைத் தொடாத மனிதன்.

திங்கட்கிழமை அடக்கம் என்று ரோவெனா சொன்னதும் ஊரே முகம் சுளித்தது. திங்கள் இரவுதான் கார்வெல் பல்கலைக்கழக அணி அட்லாண்டாவில் அமெரிக்கக் கால்பந்தின் தேசியப் பட்டத்துக்கான ஆட்டம் ஆடுகிறது. பாதி ஊர் ஏற்கனவே கிளம்பிவிட்டது. மீதிப் பாதி காலையில் கிளம்பக் காரில் பெட்டி ஏற்றிக்கொண்டிருந்தது. பாதிரியாரே ஃபோனில் கூப்பிட்டு, “புதன்கிழமை வச்சுக்கிட்டா நல்லா கூட்டம் வரும்மா,” என்று இழுத்தார்.

“கூட்டம் அவரு நிறையப் பாத்துட்டாரு ஃபாதர்,” என்றாள் ரோவெனா.

கார்வெல் அணி அதுவரை மூன்று முறை பட்ட ஆட்டத்துக்குப் போயிருந்தது. முதல் முறை போனபோது டெல்மர்தான் பந்தை உதைப்பவன். ஆட்டம் முடியச் சில நொடிகள். அணி இரண்டு புள்ளி பின்தங்கியிருந்தது. இரண்டு கம்பங்களுக்கு நடுவே பந்து போனால் மூன்று புள்ளி, பட்டம். பள்ளிக்கூடத்துப் பையன்கூடக் கண்ணை மூடிக்கொண்டு உதைக்கும் தூரம். பந்து வலது கம்பத்துக்கு வெளியே போனது.

அன்று இரவே பயிற்சியாளர் ஹேவர்ட்டி தொலைக்காட்சியில் சொன்னார்: “எண்பது பையன்கள் உயிரைக் கொடுத்து ஆடினாங்க. ஒருத்தன் கைவிட்டுட்டான்.”

அதற்குப் பிறகு கார்வெலில் டெல்மர் என்பது ஒரு மனிதனின் பெயராக இல்லை. சாலட் கிண்ணம் கைதவறி விழுந்தால் “டெல்மர் ஆயிடுச்சு” என்றார்கள். காகிதத்தைக் கசக்கிக் குப்பைத்தொட்டியில் எறிந்து குறி தவறினால் வகுப்பே “டெல்மர்!” என்று கத்தியது. அப்படி ஒரு ஆள் இருப்பதே தெரியாத பிள்ளைகள், அது ஒரு வினைச்சொல் என்றே நினைத்து வளர்ந்தார்கள். இரண்டாவது முறை அணி பட்ட ஆட்டத்துக்குப் போய் நாற்பது புள்ளி வித்தியாசத்தில் உதை வாங்கியது. அதற்கும் டெல்மரின் சாபம்தான் காரணம் என்றார்கள். மூன்றாவது முறை ஜெயித்தது. அன்று டெல்மரின் வீட்டுக்கு முன்னால் கார்களை வரிசையாக நிறுத்தி ஹாரன் அடித்தார்கள். “டெல்மர், பாத்தியாடா? இப்படித்தான் ஆடணும்!” யாரோ எறிந்த பந்து முன்னறை ஜன்னலை உடைத்துக்கொண்டு உள்ளே விழுந்தது.

மறுநாள் டெல்மரே புதுக் கண்ணாடி போட்டான். “நல்ல வேளை, நம்ம தொழிலாப் போச்சு,” என்று சிரித்தான். ரோவெனாவுக்கு அந்தச் சிரிப்பைத்தான் மன்னிக்க முடியவில்லை.

வேறு ஊருக்குப் போகலாம் என்று அவள் எத்தனையோ முறை கெஞ்சியிருக்கிறாள். “எங்க போனாலும் டிவி இருக்கும் ரோ,” என்பான்.

ப்ரூவரின் கூடத்தில் நாற்காலிகள் பாதிகூட நிறையவில்லை. வந்தவர்களில் பலர் கறுப்புக் கோட்டுக்கு அடியில் அணியின் பச்சைச் சட்டை போட்டிருந்தார்கள். அடக்கம் முடிந்ததும் அப்படியே நெடுஞ்சாலையைப் பிடித்துவிடலாம். டெல்மரின் தம்பி கார்லண்ட் வாசலில் நின்று கைகுலுக்கிக்கொண்டிருந்தான். அவனும் கார்வெலுக்கு ஆடியவன்தான். இப்போது ஊரில் பெரிய இன்சூரன்ஸ் அலுவலகம். அணியின் புரவலர் சங்கத்துக்குத் துணைத்தலைவர்.

அவனுக்குப் பக்கத்தில் பல்கலைக்கழகத்தின் விளம்பரப் பிரிவைச் சேர்ந்த டாரன் என்பவன் கையில் மடித்த பச்சைக் கொடியோடு நின்றான். ரோவெனாவைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

“மேடம், கோச் ஹேவர்ட்டி வந்துக்கிட்டிருக்காரு. ரெண்டே நிமிஷம் பேசுவாரு. இந்தக் கொடியைப் பெட்டிமேல போடுவாரு. டிவிக்காரங்க நம்ம அணி ஆடின பட்ட ஆட்டங்களோட வரலாறு ஒண்ணு தயார் பண்றாங்க. இன்னைக்கு ஆட்டத்துக்கு முன்னாடி நாடு பூரா போகும். டெல்மர் சாரைப் பத்தின பகுதி இதோட முடியும். ரொம்ப உருக்கமா இருக்கும்.”

“வரட்டும்,” என்றாள்.

“நீங்க சம்மதிச்சதுக்கு…”

“கேமரா பெட்டிக்கு அந்தப் பக்கம் இருக்கட்டும். இங்கேர்ந்து எடுத்தா என் தலை மறைக்கும்.”

டாரன் நன்றியோடு ஓடினான். கார்லண்ட் அவளை ஒரு மாதிரிப் பார்த்தான்.

“அண்ணி, நெஜமாவே சம்மதமா? கோச்சைப் பாத்தா தெருவைத் தாண்டி அந்தப் பக்கம் போற ஆளு நீங்க.”

“உங்கண்ணன் போயிட்டாரு. இனிமே தெருவ எதுக்குத் தாண்டணும்.”

“நல்லதுதான். பெரிய மனுஷன் வர்றது அண்ணனுக்கு ஒரு மரியாதை.” அவன் கண் கலங்கியிருந்தது. பொய்யில்லை. அவனுக்கு அண்ணன்மேல் பாசம் உண்டு. புரவலர் சங்க விருந்துகளில் மூன்றாவது கோப்பைக்குப் பிறகு யாராவது வற்புறுத்தினால், எழுந்து நின்று அண்ணன் உதைத்ததை அப்படியே நடித்துக் காட்டுவதும் உண்டு. பந்து போன திசையில் தலையை மெல்லத் திருப்பி, வாயைப் பிளந்து. கூடம் சிரிப்பில் அதிரும். ஒருமுறை ரோவெனா கேக் எடுத்துக்கொண்டு சமையலறையிலிருந்து வந்தபோது அதைப் பார்த்தாள். கேக்கை மேசையில் வைத்துவிட்டு, தட்டுகளை எண்ணுவது போலக் குனிந்துகொண்டாள்.

ஹேவர்ட்டி கைத்தடி ஊன்றி வந்தார். எண்பதை நெருங்கியும் முதுகு வளையவில்லை. விரலில் பட்டம் வென்ற ஆண்டின் மோதிரம், நெல்லிக்காய் அளவுக்கு. அவர் உள்ளே நுழைந்ததும் உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்தார்கள். பிரேதத்துக்காக எழாதவர்களும் எழுந்தார்கள். அவர் ரோவெனாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

“தைரியமா இரும்மா.”

“இருக்கேன் கோச்.”

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. மைக்கோடு நின்ற பெண் தலையசைத்தாள். ஹேவர்ட்டி பெட்டியின் தலைமாட்டில் நின்று டெல்மரின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். அவருக்குப் பேசத் தெரியும். அதில் குறை சொல்ல முடியாது.

“டெல்மர் நல்ல பையன். அன்னைக்கு ராத்திரி அவனுக்கு என்ன ஆச்சுன்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் தெரியாது. பயந்துட்டான்னு சொல்றவங்க இருக்காங்க. இருக்கலாம், எல்லாருக்கும் பயம் வரும். நான் கோபத்துல ஒரு வார்த்தை சொன்னேன். ஆனா டெல்மர், உன்னை நான் எப்பவோ மன்னிச்சுட்டேன்பா. இந்த ஊரும் மன்னிச்சிருச்சு.”

பின்வரிசையில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள். அவர் கொடிக்காகக் கையை நீட்டினார்.

ரோவெனா தலையாட்டினாள்.

ப்ரூவர் முன்னால் வந்து பெட்டியின் கீழ்ப்பாதி மூடியை இரண்டு கைகளாலும் தூக்கித் திறந்தார். கறுப்புக் கால்சட்டை. அதன் விளிம்பில் இடது கால் முழுசாக, வெள்ளையாக. வலது காலில் விரல்கள் இல்லை. பாதத்தின் முன்பாதியே இல்லை. குதிகாலிலிருந்து கொஞ்ச தூரம் வந்து, சுருக்கிக் கட்டிய பை மாதிரி தையல் தழும்புகளோடு முடிந்துவிட்டிருந்தது.

கார்லண்ட் முதல் வரிசையிலிருந்து எழுந்து நின்றான். அவன் அண்ணன் நொண்டுவது எல்லோருக்கும் தெரியும். கடையில் கண்ணாடி விழுந்தது என்று டெல்மர் சொன்னதை எல்லோரும் நம்பினார்கள். பூட்ஸின் முனையில் அவன் பஞ்சை அடைத்துக்கொள்வது யாருக்கும் தெரியாது.

“இப்ப சொல்லுங்க கோச்,” என்றாள் ரோவெனா. “முகத்துக்குச் சொல்லிட்டீங்க. இதுக்கும் சொல்லுங்க. மன்னிச்சிட்டேன்னு.”

“என்னம்மா இது?”

“ஆட்டத்துக்கு ஒரு வாரம் முன்னாடி பயிற்சியில கால் எலும்பு விரிசல் விட்டுச்சு. நடக்கவே முடியலைன்னு உங்ககிட்ட வந்து சொன்னாரு. பாதி ஆட்டத்துல, உடை மாத்துற அறையில, மரத்துப்போக மூணு ஊசி போட்டாங்க. அவரு திமிராம இருக்க முழங்காலை நீங்க பிடிச்சுக்கிட்டீங்க. தரை காலுக்குக் கீழ இருக்கான்னே தெரியல ரோ, பந்தை எதால உதைச்சேன்னு தெரியல ரோன்னு என்கிட்ட சொன்னாரு. அப்புறம் எலும்பு அழுகி, துண்டு துண்டா வெட்டி எடுத்தாங்க.”

“மேடம், மேடம்…” என்று டாரன் கேமராவைப் பார்த்துக் கையை வீசினான். மைக் பிடித்த பெண் அவன் பக்கம் திரும்பவே இல்லை.

ஹேவர்ட்டியின் முகம் சிவந்தது. வெட்கத்தாலா கோபத்தாலா என்று அவரைத் தெரிந்தவர்களாலும் சொல்ல முடியாது. குரலைத் தாழ்த்தித்தான் பேசினார். அந்தக் கூடத்தில் அது போதுமான அளவுக்குக் கேட்டது.

“நான் கட்டாயப்படுத்தல. அவன்தான் போடுங்கன்னான்.”

தான் என்ன சொன்னோம் என்பது அவருக்குச் சற்றுத் தாமதமாகத்தான் எட்டியது. கேமராவைப் பார்த்தார். பிறகு கைத்தடியை.

“ஆமா. அவருதான் சொன்னாரு,” என்றாள் ரோவெனா. “ஊசி வேண்டாம்னா தம்பிக்கு அடுத்த வருஷம் இங்க இடம் கெடையாதுன்னு நீங்க சொன்னதுக்கப்புறம்.”

ஹேவர்ட்டி கொடியை வாங்கவில்லை. டாரன் அதை எங்கே வைப்பதென்று தெரியாமல் மார்போடு அணைத்துக்கொண்டிருந்தான். ஹேவர்ட்டி திரும்பி வாசலை நோக்கி நடந்தபோது, இந்த முறை யாரும் எழவில்லை. மரியாதைக் குறைவாக உட்கார்ந்திருக்கவில்லை; எழுவதா வேண்டாமா என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அதற்குள் அவர் போய்விட்டார்.

கல்லறைத் தோட்டத்தில் பாதிரியார் சுருக்கமாக முடித்தார். கார்கள் ஒவ்வொன்றாகக் கிளம்பின. கார்லண்ட் கிளம்பவில்லை. அவன் சட்டைப்பையில் அட்லாண்டா டிக்கெட்டின் முனை தெரிந்தது.

“எனக்காகவா அண்ணி?”

அவள் கோட்டுப் பையிலிருந்து கையுறையை எடுத்தாள்.

“என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்ல? இத்தனை வருஷம். ஒரு வார்த்தை.”

“சொன்னா நீ அழுவ. உன்னைத் தேத்துற வேலையும் அவருக்குத்தான் வரும். நான் இருக்கிற வரைக்கும் வாயத் திறக்காதன்னு சத்தியம் வாங்கிக்கிட்டாரு. இருக்கிற வரைக்கும்தான் மூடியிருந்தேன்.”

“இப்படி ஊர் முன்னாடி… அண்ணன் பொத்திப் பொத்தி வச்சதை…”

“கோச்சுக்காக மட்டும் அந்த மூடியைத் திறந்தேன்னு நெனச்சியா கார்லண்ட்?”

அவன் புரியாமல் பார்த்தான்.

“அந்த விருந்துல செய்வியே. தலையை இப்படித் திருப்பி,” என்றாள். அவளே தலையை மெல்ல வலப்பக்கம் திருப்பி, வாயைப் பிளந்து காட்டினாள். அப்படியே சில நொடிகள் நின்றாள். “அன்னைக்கு நான் கேக் கொண்டுவந்தேன். நல்லாத்தான் செஞ்ச.”

கார்லண்ட் புது மண்ணுக்குப் பக்கத்தில் அப்படியே குந்தி உட்கார்ந்துவிட்டான். அவள் அவன் தோளைத் தொடலாமா என்று ஒரு கணம் நினைத்தாள். கையுறையைப் போட்டுக்கொண்டு காரை நோக்கி நடந்தாள்.

வீட்டில் சமையலறை மேசை நிறையச் சாப்பாடு இருந்தது. தேவாலயத்துப் பெண்கள் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போயிருந்தார்கள்: பொரித்த கோழி, பன்றித்தொடை, மூன்று விதமான மக்ரோனி, பீக்கன் கொட்டை போட்டுச் சுட்ட ஒரு இனிப்பு. ஃபோன் விடாமல் அடித்தது. யாரோ செய்தித்தாளிலிருந்து, யாரோ வானொலியிலிருந்து. அவள் அதன் ஒயரைப் பிடுங்கினாள். டிவியைப் போடவில்லை. அவர்கள் அதை ஒளிபரப்பினார்களா, வெட்டி எறிந்தார்களா என்பதைத் தெரிந்துகொள்ளும் ஆர்வம்கூட அவளுக்கு இல்லை. அந்தக் கூடத்தில் இருந்தவர்கள் போதும். கார்வெலில் அது போதும்.

வெள்ளிக்கிழமைக்குப் பிறகு அவள் எதுவும் சாப்பிட்டிருக்கவில்லை. திடீரென்று பசி வயிற்றைப் பிடுங்கியது. தட்டுக்கூட எடுக்காமல், நின்றபடியே ஒரு கோழித்தொடையைக் கையால் எடுத்துக் கடித்தாள்.

எதிர்வீட்டில் ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது. ஜன்னலில் பச்சை வெளிச்சம் அசைந்தது. ஒரு ஆரவாரம் கிளம்பிப் பாதியில் அடங்கியது. சற்றுப் பொறுத்து அந்த வீட்டுக்கதவு திறந்து, காலையில் ப்ரூவரின் கூடத்தில் இருந்த மெக்கல்ஃப் வெளியே வந்தார். கையில் ஒரு நாற்காலி. அதை வராந்தாத் தூணுக்குப் பக்கத்தில் போட்டு ஏறி நின்று, தூணில் கட்டியிருந்த அணிக் கொடியை அவிழ்க்க முயன்றார். முடிச்சு இறுகிப்போயிருந்தது. உள்ளேயிருந்து அவர் மனைவி ஏதோ கேட்டாள். அவர் திரும்பாமல் ஏதோ சொன்னார். பல்லால் கடித்து இழுத்துப் பார்த்தார்.

ரோவெனா ஜன்னலோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். டிராயரில் கத்தி இருந்தது. எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்திருக்கலாம்.

ஒருவழியாக முடிச்சு அவிழ்ந்தது. மெக்கல்ஃப் கொடியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு இறங்கியபோது, நிமிர்ந்து இந்தப் பக்கம் பார்த்தார். அவளும் பார்த்தாள். இருவரும் கையசைக்கவில்லை. அவர் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனார். டிவியின் சத்தம் குறைந்தது.

அவள் எலும்பைத் தொட்டியில் போட்டுவிட்டு, இன்னொரு துண்டை எடுத்தாள்.