கார் சாவி கேட்கும் அத்தை

புது ஸ்டீரியோ என் போனைத் தவிர மற்ற எல்லாருடைய போனையும் கண்டுபிடித்துவிட்டது. முதலில் மேல்மாடிக்காரருடையது, அடுத்து யாரென்றே தெரியாத ஒருவருடையது, அதற்கும் அடுத்து 'செல்லத்தின் போன்' என்று பெயர் வைக்கப்பட்ட ஒன்று. எங்கள் கட்டடத்தில் அப்படிப் பெயர் வைக்கக்கூடிய ஆள் யார் என்று கொஞ்ச நேரம் யோசித்துப் பார்த்தேன். எல்லாருமே சிடுமூஞ்சிகள். லிஃப்ட் பழுதுபார்ப்பது என் வேலை. மாடிக்கும் மாடிக்கும் நடுவில் நின்றுபோன பெட்டியை, உள்ளே அழுகிற ஆட்களோடு பத்திரமாகக் கீழே இறக்கியிருக்கிறேன். உள்ளங்கை அகலமுள்ள இந்தச் சாமான் மட்டும் எனக்குப் பிடி கொடுக்க மாட்டேன் என்றது. ப்ளூடூத்தை அணைத்துப் போட்டேன், போனையே அணைத்துப் போட்டேன், காரை அணைத்துப் போட்டேன். கடைசியில் சார்ஜ் தீர்ந்து போன் தானாகவே அணைந்துகொண்டது.

அந்த நேரத்தில்தான் அத்தை கைத்தடியை ஊன்றியபடி வந்து சேர்ந்தார். அத்தை என்றால் என் மாமியார். முழங்கால் அறுவை சிகிச்சைக்காக எங்கள் வீட்டுக்கு வந்தவர், அது முடிந்தும் எங்களோடுதான் இருந்தார். தினமும் நடக்க வேண்டும் என்பது டாக்டர் உத்தரவு. மெதுவாகப் படியிறங்கி, கார் நிறுத்துமிடத்தை ஒரு சுற்று சுற்றிவிட்டு மேலே ஏறுவார். லிஃப்ட் இல்லாத கட்டடத்தில் குடியிருக்கும் லிஃப்ட் மெக்கானிக் என்று என்னைக் கேலி செய்யாதவர் சொந்தத்தில் அத்தை ஒருவர்தான். பொதுவாகவே அவர் யாரையும் ஒரு சொல் சொல்ல மாட்டார். டிவியைக்கூடச் சத்தத்தைக் குறைத்து வைத்துத்தான் பார்ப்பார். கேட்டதற்கெல்லாம் சிரித்த முகத்தோடு தலையாட்டுவார். என் நண்பர்களுக்கு என் மேல் பொறாமை. நானும் அதை ஏதோ என் சம்பாத்தியம் மாதிரி பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

அத்தையை முன்சீட்டில் உட்காரவைத்து, அவருடைய போனைக் கொடுங்கள் என்று கேட்டேன். மகள் வாங்கிக் கொடுத்த நல்ல போன் அது. ஆனால் அத்தை அதில் பேச மாட்டார், செய்தி எழுதி அனுப்புவதோடு சரி. போனில் பேசினால் தலை வலிக்கிறது என்பார். அந்தப் போனை ஸ்டீரியோவுக்குப் பார்த்த மாத்திரத்தில் பிடித்துப்போனது. இரண்டுமே ஒரே எண்ணைக் காட்டின, சரி என்று அழுத்தினேன், கல்யாணம் முடிந்தது. சோதித்துப் பார்க்க ஒரு பாட்டைப் போடலாம் என்று தேடிக்கொண்டிருக்கும்போதே அத்தையின் தங்கை கூப்பிட்டார். நான் பச்சைப் பொத்தானை அழுத்தினேன்.

"அக்கா, சாப்பிட்டியா?" என்றது கார் முழுக்க ஒரு குரல்.

அத்தை சட்டென்று பின்சீட்டைத் திரும்பிப் பார்த்தார். தங்கை அங்கேதான் உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்துவிட்டார்போல. பிறகு கதவில் இருந்த ஸ்பீக்கரைப் பார்த்தார். ஒரு பழைய சிநேகிதியை வழியில் பார்த்தால் முகம் எப்படி ஆகுமோ அப்படி ஆனது. "இப்பதான்டி சாப்பிட்டேன். நீ என்ன பண்ற?" என்று ஆரம்பித்தவர், நிறுத்தவே இல்லை. போனில் பேசினால் தலை வலிக்கும் மனுஷியா இவர் என்று எனக்கு ஆச்சரியம். அக்காவும் தங்கையும் பேசுவதில் மூக்கை நுழைக்க வேண்டாம் என்று இறங்கிப்போய், சும்மா கிடந்த டயரை உதைத்துக் காற்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு சாயங்காலம் ஆனால் அத்தை கார் சாவியைக் கேட்பார். தங்கையோடு பேசுவார், பாட்டில் தொழிற்சாலையில் கூட வேலை பார்த்த சிநேகிதிகளோடு பேசுவார், ஒருநாள் தவறாக வந்த அழைப்பில் யாரோ ஒருவரோடு வெகுநேரம் குசலம் விசாரித்தார். "அத்தை ஆபீஸுக்குக் கிளம்பிட்டாங்க" என்று நான் கிண்டல் செய்வேன். பேட்டரி இறங்கி ஒருநாள் காலையில் கார் கிளம்பாமல் அடம்பிடித்ததில், மருந்துக்கடை வேலைக்கு நேரமாகிவிட்டது என்று என் மனைவி என்னைத்தான் திட்டினாள். அம்மாவைத் திட்டவில்லை. அம்மாவைத் திட்டும் நிலைமையில் அவள் அப்போது இல்லை. அம்மாவின் வீட்டை விற்கப் போகிறோம் என்ற உறுத்தல் அவளுக்குள் இருந்தது.

அந்த வீடு வேறு ஊரில் பூட்டிக் கிடந்தது. மாமா போன பிறகும் அத்தை அங்கேதான் தனியாக இருந்தார். இந்தக் காலை வைத்துக்கொண்டு இனிமேல் தனியாக எப்படி, விழுந்து கிடந்தால் யாருக்குத் தெரியும் என்று நினைத்து நினைத்தே என் மனைவிக்குத் தூக்கம் போனது. விற்றுவிடலாம் என்று முடிவு செய்தாள். ஆனால் அம்மாவிடம் யார் சொல்வது? சாப்பிடும்போது சொல்லலாம் என்பாள், சாப்பிட்டு முடித்துவிடுவாள். கடைசியில் ஒருநாள் ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும்போது காரில் வைத்துச் சொன்னாள். ஓட்டியது அவள்தான், நான் ஓட்டினால் அவளுக்குப் பொறுக்காது. நான் பக்கத்தில். அத்தை காலை நீட்டிக்கொள்ள வசதியாகப் பின்சீட்டில். முகத்தைப் பார்க்காமல் சொல்ல முடிந்ததால்தான் அவளுக்கு வாயே வந்தது. சாலையைப் பார்த்தபடி எல்லாவற்றையும் சொன்னாள். நீ எங்ககூடவே இரும்மா, அந்த வீட்டைக் கொடுத்துடலாம், நல்ல ஆளா வந்திருக்காங்க என்று சொல்லிவிட்டு, கண்ணாடியில் அம்மாவைப் பார்த்தாள். அத்தை வழக்கம்போலச் சிரித்து, "சரிம்மா" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் என் மனைவி குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். மனசு லேசாகிவிட்டதாம். எங்கள் வீட்டில் சொத்து என்றால் சட்டை கிழியும், இந்தம்மா ஒரே சொல்லில் கொடுத்துவிட்டாரே என்று நானும் உருகிப்போனேன். அதற்கப்புறம் அந்தப் பேச்சை நாங்கள் எடுக்கவில்லை. ஆறிய புண்ணைக் கிளறுவானேன் என்று இருந்துவிட்டோம். பத்திரத்தில் கையெழுத்துப் போட நாள் குறித்த பிறகுதான் என் மனைவி அம்மாவின் எதிரே உட்கார்ந்து, "வெள்ளிக்கிழமை உன் வீட்டுக்குப் போறோம்மா, காலையிலயே கிளம்பணும்" என்றாள். அத்தையின் முகம் மலர்ந்துவிட்டது. அன்றே பெட்டி கட்ட ஆரம்பித்தார். புடவைகள், மாத்திரைகள், இங்கே வந்து வாங்கிய இரண்டு தலையணை உறைகள், எல்லாமே பெட்டிக்குள் போயின. கடைசியாக ஒருமுறை வீட்டைப் பார்க்கப் போகிறவர் தலையணை உறையை எதற்கு எடுத்துப்போகிறார் என்று எனக்குத் தோன்றியது உண்மைதான். வயதானவர்கள் அப்படித்தான் என்று விட்டுவிட்டேன்.

புதன்கிழமை சாயங்காலம் வேலை முடிந்து வந்தவன், காருக்குள் அத்தை இருப்பதைப் பார்த்து, வம்பு பேசலாம் என்று டிரைவர் சீட்டில் ஏறி உட்கார்ந்தேன். தங்கைதான் பேசிக்கொண்டிருந்தார். வெள்ளிக்கிழமை வந்துவிடுவேன், வந்ததும் முதல் வேலையாகப் பின்பக்கத்துக் கதவைச் சரிசெய்ய வேண்டும், மழைக்கு உப்பிக்கொண்டிருக்கும் என்றார் அத்தை.

"அக்கா, வீட்டைத்தான் வித்தாச்சாமே. வாங்கறவங்க வந்து அளந்துட்டுப் போயிட்டாங்க. உனக்குத் தெரியாதா?"

அத்தை பதறவில்லை. அப்புறம் பேசுகிறேன் என்று சொல்லிப் பொத்தானை அழுத்தினார். பிறகு உடம்பை முழுதாக என் பக்கம் திருப்பி, என் முகத்தைப் பார்த்தபடி கேட்டார்.

"எப்ப சொன்னீங்க மாப்பிள்ளை?"

ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அன்றைக்கு, காரில் என்றேன். நீங்கள் சரி என்றீர்களே என்றும் சொன்னேன். அத்தை அந்த நாளை மனசுக்குள் ஓட்டிப் பார்ப்பது தெரிந்தது.

"நீங்க ரெண்டு பேரும் முன்னாடி உட்கார்ந்திருந்தீங்க" என்றார். "எனக்கு உங்க முதுகுதானே தெரியும்."

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. பாட்டில் தொழிற்சாலையில் நகரும் பட்டையில் வரிசையாக ஓடும் கண்ணாடி பாட்டில்கள் ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும் சத்தத்தில் பக்கத்தில் கத்தினாலும் கேட்காதாம். பெண்கள் எல்லாரும் வாயசைவைப் பார்த்தே ஊர்க்கதை முழுவதும் பேசிவிடுவார்கள் என்று அத்தையே சிரித்துக்கொண்டு சொல்லியிருக்கிறார். காது அங்கேயே போய்விட்டது. கண்ணை வைத்துக்கொண்டு இத்தனை நாள் எங்களோடு ஒப்பேற்றியிருக்கிறார். டிவியின் சத்தம், தலைவலி, எதிர்வார்த்தை பேசாத குணம் என்று நான் பெருமைப்பட்ட ஒவ்வொன்றும் வரிசையாக வந்து என் எதிரே நின்றது. எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

உங்கள் மகளிடம் நான் சொல்லட்டுமா என்றேன். அத்தை வேண்டாம் என்று கையைக் காட்டினார். அவர் ஏற்கெனவே அந்த முடிச்சின் இரண்டு நுனியையும் இழுத்துப் பார்த்துவிட்டார். கேட்கவில்லை என்று சொல்லாவிட்டால் வெள்ளிக்கிழமை வீடு போய்விடும். சொன்னால், காதும் கேட்காத மனுஷியை மகள் எப்படித் தனியாக விடுவாள்? கதவைத் தட்டினால் கேட்காது, அடுப்பில் எது கொதித்தாலும் கேட்காது என்று ஆரம்பித்துவிடுவாள். அவள் சொல்வதும் பொய்யில்லை. நான் காது மெஷினைப் பற்றி ஏதோ உளறினேன்.

"மெஷின் வாங்கித் தருவா மாப்பிள்ளை. வீட்டைத் தருவாளா?"

அத்தை மடியில் இருந்த போனை எடுத்தார். இறங்கிவிடவா என்று கேட்டதற்கு, இருங்கள் என்றார். மகளின் பெயரைத் தேடி அழுத்தினார். மேலே எங்கள் வீட்டில் மணி அடிப்பது காருக்குள் கேட்டது.

கீழேதானே இருக்கிறாய், போன் எதற்கு என்றாள் என் மனைவி. பின்னால் குழாயில் தண்ணீர் கொட்டும் சத்தம். பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள்.

"இங்க இருந்தாத்தான் நீ பேசுறது கேக்குது" என்றார் அத்தை. "அன்னைக்கு வண்டியில வீட்டைப் பத்தி நீ சொன்னது எனக்குக் கேக்கல. எனக்குக் காது கேக்கறதில்ல, ரொம்ப நாளா."

தண்ணீர்ச் சத்தம் நின்றது.

"நீ சரின்னியேம்மா."

"எல்லாத்துக்கும்தான் சரிங்கறேன்."

மேலே எதுவோ கீழே வைக்கப்படும் சத்தம் வந்தது. மூச்சு வந்தது. அழுகிறாளா என்று தெரியவில்லை. அத்தை கொஞ்சமும் அவசரப்படாமல், வீட்டுக்குப் போகிறோம் என்று நினைத்துத்தான் பெட்டி கட்டியதையும், பின்பக்கத்துக் கதவைப் பற்றியும், கால் தேறிவிட்டதைப் பற்றியும் சொன்னார். எங்கள்மேல் ஒரு குறையும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். நீ யார் பக்கம், மகள் பக்கமா அம்மா பக்கமா என்று யாராவது என்னிடம் கேட்டிருந்தால், சத்தியமாக எனக்குச் சொல்லத் தெரிந்திருக்காது.

கதவு திறக்கும் சத்தமும், படிகளில் செருப்பு தடதடக்கும் சத்தமும் ஸ்பீக்கரில் கேட்டன. கடைசிப் படிகளின் சத்தம் ஸ்பீக்கரிலும் வெளியிலும் சேர்ந்தே வந்தது. என் மனைவி போனைக் காதில் வைத்தபடியே ஓடிவந்தாள். ஒரு காலில் அவள் செருப்பு, மற்றதில் என் செருப்பு. நேராக அம்மாவின் கதவுக்குப் போனவள், கைப்பிடியைத் தொட்டுவிட்டு, என்ன நினைத்தாளோ, திறக்கவில்லை. சுற்றிக்கொண்டு காரின் முன்னால் வந்தாள். முன்கண்ணாடி வழியாக அம்மாவுக்கு நேரெதிரே, முகம் முழுதும் தெரியும்படி நின்றாள். கைகளில் இன்னும் சோப்பு நுரை இருந்தது. போனை இறக்கவில்லை.

அவளுடைய உதடுகள் அசைந்தன. ஒரு கணம் கழித்துத்தான் குரல் வந்து சேர்ந்தது.

"உனக்கு என்னம்மா வேணும்?"

அத்தை கையை நீட்டி, ஸ்டீரியோவின் சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டினார். அடுத்த காருக்குப் போய்க்கொண்டிருந்த மேல்மாடிக்காரர் நின்று எங்களைப் பார்த்தார். ஸ்பீக்கரில் அவளுடைய மூச்சு பெரிதாகக் கேட்டது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நுரை முழங்கை வரை வழிய, அவள் அம்மாவின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.