கைகுலுக்கும் வரிசை

றொசாந்தி இரண்டாவது முறை தோளில் தட்டியபோதும், கைகுலுக்க வந்தவன் அந்தப் பிள்ளையின் கையை விடவில்லை.

கிழக்கு லண்டன் மண்டபமொன்றில் யப்பானியப் பாட்டு விழா. தோக்கியோவிலிருந்து வந்திருந்த இளம் பாடகி ஹினாவோடு கைகுலுக்க வரிசை வாசல்வரை நீண்டிருந்தது. ஆளுக்குச் சில விநாடிதான். பிறகு தட்டி நகர்த்திவிட வேண்டும். காவலுக்கு நின்ற றொசாந்திக்கு அதுதான் வேலை. ஹினாவின் முகத்தில் காலையிலிருந்து மாறாத சிரிப்பைப் பார்த்து, உவளுக்குக் கன்னம் நோகாதோ என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

"எத்தனை மெசேஜ் போட்டேன், ஒன்றுக்காவது பதில் போட்டாயா?" என்று அவன் ஆங்கிலத்தில் கத்தினான். ஹினாவின் மணிக்கட்டை முறுக்கி மேசைக்கு மேலாக இழுத்தான். ஏதோ முறிந்த சத்தம். அப்போதும் அவள் சிரித்தபடிதான் இருந்தாள். றொசாந்தி அவன் கழுத்தைப் பின்னாலிருந்து வளைத்தாள். அவனுடைய முழங்கை அவள் மூக்கில் இறங்கியது; கண் இருண்டது. விட்டால் பிள்ளையின் கை போய்விடும் என்ற எண்ணம் மட்டும் மிஞ்ச, அவன் முகத்தை மேசையில் மோதினாள். பிடி விடவில்லை. மறுபடி மோதினாள். பல்லொன்று வெள்ளை விரிப்பில் விழுந்தது, பிடியும் விட்டது. இனித் தேவையில்லை என்று தெரிந்தும் இன்னொருமுறை மோதினாள்.

மற்றக் காவலர்கள் அவனை இழுத்துப் போனார்கள். திரைக்குப் பின்னால் ஹினா தரையில் குந்தியிருந்தாள். மணிக்கட்டு நீலம்பாரித்து வீங்கியிருந்தது. அவளுடைய மனேஜர் தணிந்த குரலில் ஏதோ சொல்லச் சொல்ல, அவள் தலையைத் தாழ்த்திக்கொண்டே இருந்தாள்.

"இடது கை நன்றாகத்தான் இருக்கிறது. வரிசையைத் திறந்துவிடுங்கள்" என்று அவர் றொசாந்தியிடம் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு, ஹினாவின் தோளைப் பிடித்து உலுப்பித் தூக்கினார். எழும்பும்போதே அவள் முகத்தில் அந்தச் சிரிப்பு வந்துவிட்டது.

அதைக் கண்டதும் றொசாந்தி இரண்டு கையாலும் மனேஜரின் நெஞ்சில் தள்ளினாள். அவர் உடுப்புப் பெட்டிகளின்மேல் மல்லாக்க விழுந்தார்.

கூட வேலைசெய்யும் டெனுசன் ஓடிவந்து அவளைப் பிடித்தான். "விடுங்கோ அக்கா! வேலை போகப்போகுது."

"போகட்டும். அம்புலன்ஸுக்குப் போன் அடி."

"பொலிஸ் வந்திட்டுது. அவன்ர வாய் முழுக்க ரத்தம். உங்களைத்தான் கேக்கினம்."

"ஓம், வாறன். முதல்ல இவளை ஏத்துங்கோ."

வெளியே ஒன்றும் தெரியாத பின்வரிசைக்காரர் கைதட்டி ஹினாவின் பெயரைக் கூவத் தொடங்கினார்கள். கூவல் வலுக்க, வீங்கிய அந்தக் கை தானாக மேலெழுந்து நெற்றி மயிரை ஒதுக்கியது. மற்றக் கை றொசாந்தியின் இரத்தம் தோய்ந்த சட்டையை இறுக்கிப் பற்றியிருந்தது.