அசையாத தவணை

எடை அளவு அதிகாரி என்று கேட்டால் சந்தைத் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. முள்ளுக்காரர் என்று கேளுங்கள், சின்னப் பிள்ளை கூடக் கை காட்டும். தராசுக்கு முன்னால் குனிந்து, ஒரு கண்ணை மூடி, மூச்சைப் பிடித்துக்கொண்டு அவர் முள்ளைப் பார்க்கிற பார்வையில் யோக்கியமான தராசுக்கே வியர்த்துவிடும். கடைக்காரன் என்றாலே திருடன், பிடிபடாதவன் இன்னும் தேர்ந்த திருடன் என்பது அவருடைய கட்சி. ஊரில் இத்தனை பேரைத் திருடன் என்று நினைக்கிறவருக்குத் தன்னைப் பற்றி என்ன அபிப்பிராயம் இருந்திருக்கும் என்று தனியாகச் சொல்ல வேண்டுமா என்ன?

அந்த வெள்ளிக்கிழமை காலையில் ஒரு வெங்காயக் கடையில் நின்றுகொண்டிருந்தார். கடைக்காரர் தைரியமாகத்தான் இருந்தார்.

"நல்லா பாருங்க சார். முள்ளு நேரா பூஜ்யத்துல நிக்குது. இதுல என்ன குத்தம் கண்டீங்க?"

"வெறும் தட்டுல முள்ளு நேரா நிக்கிறது ஒரு பெருமையா?" என்றார் முள்ளுக்காரர். பெட்டியைத் திறந்து ஐந்து கிலோ எடைக்கல்லைத் தூக்கித் தட்டில் வைத்தார். முள் ஐந்தைத் தாண்டி இரண்டு கோடு போய் நின்றது. "நூறு கிராம் கூடக் காட்டுது. அஞ்சு கிலோவுக்குக் காசு கொடுக்கிறவன் நூறு கிராம் குறைச்சலா எடுத்துட்டுப் போறான். சும்மா இருக்கிற முள்ள எவன் வேணா நேரா நிறுத்தலாம்யா! பாரத்தை ஏத்திப் பார்த்தாத்தான் வண்டவாளம் தெரியும்."

கடைக்காரர் தலையைச் சொறிந்தார். முள்ளுக்காரர் அபராதச் சீட்டைக் கிழித்துக் கொடுத்தார். அப்படிக் கொடுக்கும்போது சட்டைப்பையை ஒரு தரம் தொட்டுப் பார்த்துக்கொண்டார். உள்ளே இன்னொரு காகிதம் இருந்தது. விருப்ப ஓய்வுக் கடிதம். வயது ஐம்பத்தேழு. இன்னும் மூன்று வருஷம் வேலை பார்க்கலாம். ஆனால் யாருக்காகப் பார்க்க வேண்டும்? ஓய்வு பெற்றால் கைக்கு மொத்தமாக இருபத்திரண்டு லட்சம் வரும். வீட்டுக் கடனில் மிச்சத்தை அதிலிருந்து அடைத்துவிட்டு, சொந்தக் கார் ஒன்று வாங்கி, காலையில் எட்டு மணி வரைக்கும் தூங்குவது என்று முடிவு கட்டியிருந்தார். திங்கட்கிழமை கடிதத்தை அலுவலகத்தில் கொடுப்பதாகத் திட்டம். தெரு முழுக்கச் சொல்லியும் ஆகிவிட்டது.

போன ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டில் மச்சானிடமும் சொல்லியாகிவிட்டது. மச்சான் என்பது அவர் மனைவியின் தம்பி. ஃப்ரிட்ஜ் மெக்கானிக். இரண்டு அறை வாடகை வீட்டில் குடும்பம். வாடகை வீட்டில் இருக்கிற மனிதனை முள்ளுக்காரர் மனிதக் கணக்கில் சேர்ப்பதில்லை. அவனுக்கு 'வாடகை வள்ளல்' என்று பெயர் வைத்து, அவன் பிள்ளைகள் எதிரிலேயே அப்படிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். வாய் என்று ஒன்று இருந்தால் எதை வேண்டுமானாலும் பேசலாம் என்கிற ஜாதி மனிதர் அவர். மச்சான் ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. சாப்பிட்டுவிட்டு, வீட்டில் ஏதாவது ரிப்பேர் இருந்தால் சரிசெய்து கொடுத்துவிட்டுப் போவான்.

"பதினஞ்சு வருஷம்டா!" என்று அன்றைக்கு மேசையைத் தட்டினார் முள்ளுக்காரர். "பால் ஏறிச்சு, பஸ் ஏறிச்சு, உன் வாடகை ஏறிச்சு. என் தவணை ஏறிச்சா? இருபத்தாறாயிரத்து முப்பத்தஞ்சு. அன்னிக்கும் அதுதான், இன்னிக்கும் அதுதான். இருபது வருஷக் கடன், இன்னும் அஞ்சே வருஷம். நீ இத்தனை வருஷம் கொட்டிக் கொடுத்தியே, ஒரு செங்கல்லாவது உன்னுதா?"

"இல்ல அத்தான்" என்றான் மச்சான். பிறகு சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டான்: "நடுவுல வட்டி ஏறிச்சே, அப்பக் கூடவா தவணை ஏறல?"

"ஏமாளிகளுக்கு ஏத்துவான். என்கிட்ட நடக்குமா? இந்த மேசையைப் பாரு. நான் போட்ட மேசை. ஒரு பக்கம் அமுக்கிப் பாரு, ஆடுதா?"

மேசை ஆடவில்லை. ஆடாததற்குக் காரணம் இருந்தது. மேசைக்கு ஒரு கால் குட்டை. பத்து வருஷத்துக்கு முன்னால் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. மனைவிதான் கொண்டுவந்து கொடுத்தாள். "என்னன்னு கொஞ்சம் படிச்சுப் பாருங்க" என்றாள். முள்ளுக்காரர் அந்த மாதத் தவணை எவ்வளவு பிடித்திருக்கிறான் என்று மட்டும் பார்த்தார். இருபத்தாறாயிரத்து முப்பத்தைந்து. அப்புறம் என்ன படிக்கக் கிடக்கிறது? "நல்ல தடிப் பேப்பரா இருக்கு" என்று நாலாக மடித்துக் குட்டைக் காலுக்கு அடியில் செருகிவிட்டார். ஊரார் தராசையெல்லாம் சந்தேகப்படுகிற மனிதர், தன் கடனை மட்டும் வெறும் தட்டில் பார்த்துவிட்டுப் போய்விட்டார். என்ன புத்திசாலித்தனம்!

வெங்காயக் கடையை முடித்துக்கொண்டு அவர் நேரே வங்கிக்குப் போனார். கடனை அடைக்க எவ்வளவு கட்ட வேண்டும் என்று எழுதி வாங்க வேண்டும். கடன் பிரிவில் ஒல்லியான குமாஸ்தா ஒருவர், பேனா மூடியைக் கடித்தபடி உட்கார்ந்திருந்தார். முள்ளுக்காரர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"என் கடன் நம்பரைப் போட்டுப் பாருங்க. நீங்க சொல்ல வேண்டாம், நானே சொல்றேன். முப்பது லட்சம் கடன். இருபது வருஷத்துல பதினஞ்சு முடிஞ்சது. நாலுல மூணு பங்கு தீர்ந்துபோச்சு. மிச்சம் ஏழரை லட்சம். சரிதானே?"

குமாஸ்தா திரையைப் பார்த்தார். பிறகு முள்ளுக்காரரைப் பார்த்தார். மறுபடியும் திரையைப் பார்த்தார்.

"இருபது லட்சத்து முப்பத்து மூவாயிரம்" என்றார்.

"யாருடைய கணக்கைப் பார்க்கறீங்க?"

"உங்களுடையதுதான் சார். பெயர், வீட்டு நம்பர் எல்லாம் இருக்கு. இன்னும் பதினோரு வருஷம் இருக்கு."

"என்னய்யா விளையாடறியா?" முள்ளுக்காரரின் குரலுக்கு இரண்டு கவுண்டர் தள்ளி இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "பதினஞ்சு வருஷமா நாப்பத்தாறு லட்சத்துக்கு மேல கொட்டியிருக்கேன். வாங்கினதே முப்பது லட்சம். இன்னும் இருபது லட்சம் இருக்குன்னா, நான் கட்டினது எங்க போச்சு?"

குமாஸ்தாவுக்கு இந்தக் கேள்வி புதிதல்ல என்பது முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. திரையை அவர் பக்கம் திருப்பினார்.

"வட்டிக்குப் போச்சு சார். முதல் மாசம் நீங்க கட்டின இருபத்தாறாயிரத்துல வட்டி இருபத்தோராயிரத்துச் சொச்சம். அசல்ல கழிஞ்சது நாலாயிரத்து எழுநூத்துச் சொச்சம்தான். ஆரம்ப வருஷமெல்லாம் அப்படித்தான் போகும். நாலுல மூணு பங்கு வருஷம் போனா நாலுல மூணு பங்கு கடன் போகாது. வட்டி ஏறாம இருந்தாக்கூட இன்னிக்கு உங்களுக்குப் பன்னெண்டரை லட்சத்துக்கு மேல பாக்கி இருக்கும். ஆனா வட்டி ஏறிச்சே. அஞ்சாம் வருஷக் கடைசியில எட்டரையிலிருந்து பத்தரை."

"தவணை ஏறலையே!"

"தவணை ஏறல. வருஷம் ஏறிச்சு." குமாஸ்தா பேனா மூடியைக் கீழே வைத்தார். "தவணையைக் கூட்டணுமா, காலத்தை நீட்டணுமான்னு கேட்டு லெட்டர் போட்டோம். ரெண்டு கட்டம் இருக்கும், ஒண்ணுல டிக் பண்ணி ஒரு மாசத்துல அனுப்பணும். பதில் வரலேன்னா காலம் தானா நீண்டுடும். உங்ககிட்டயிருந்து பதில் வரல. பதினஞ்சு வருஷம் மிச்சம் இருந்தது இருபத்தோரு வருஷம் ஆச்சு. அதுக்கப்புறம் மாசாமாசம் நீங்க கட்டினதுல அசலுக்குப் போனது ரெண்டாயிரத்துத் தொள்ளாயிரத்துல ஆரம்பிச்சுது."

முள்ளுக்காரர் திரைக்கு முன்னால் குனிந்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு எண்களைப் பார்த்தார். பிறகு கேட்டார்.

"தவணையைக் கூட்டியிருந்தா?"

குமாஸ்தா கால்குலேட்டரைத் தட்டினார். "மாசம் மூவாயிரத்து இருநூறு அதிகம் கட்டியிருந்தா, முதல்ல சொன்ன தேதியிலேயே முடிஞ்சிருக்கும். இப்ப இருக்கிறபடி கடைசி வரைக்கும் கட்டினீங்கன்னா, மொத்தம் எண்பத்தோரு லட்சம் ஆகும். அந்த டிக்கைப் போட்டிருந்தா அறுபத்தெட்டு. பதிமூணு லட்சம் வித்தியாசம்." பிறகு, இனிமேல் கேட்பது தன் வேலையில்லை என்பதுபோல், "அடைக்கிறதுக்கு எழுதித் தரட்டுமா சார்?" என்றார்.

முள்ளுக்காரர் மனசுக்குள் கணக்குப் போட்டார். இருபத்திரண்டில் இருபது லட்சத்து முப்பத்து மூவாயிரம் போனால், மிச்சம் ஒரு லட்சத்து அறுபத்தேழாயிரம். அதில் காராவது மண்ணாங்கட்டியாவது! முன்கூட்டியே ஓய்வு வாங்கினால் பென்ஷனும் வெட்டுத்தான். வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டு எழுந்தார். கையில் இருந்த எடைக்கல் பெட்டி வழக்கத்தைவிடக் கனத்தது. வாசலில் ஒரு விளம்பரப் பலகையில் குடும்பம் ஒன்று புது வீட்டின் முன்னால் நின்று பல்லைக் காட்டிக்கொண்டிருந்தது. 'உங்களுக்கு ஏற்ற தவணை' என்று கீழே எழுதியிருந்தது. எத்தனை வருஷத்துக்கு என்று எங்கேயும் எழுதவில்லை. த்தூ என்று வாசலிலேயே துப்பினார். காவலாளி பார்த்தான். பார்க்கட்டும்.

வீட்டுக்குப் போனபோது மச்சான் அங்கே இருந்தான். ஃப்ரிட்ஜ் குளிரவில்லை என்று அக்கா கூப்பிட்டிருக்கிறாள். பின்பக்க மூடியைத் திறந்து வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தான். முள்ளுக்காரர் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. நேரே மேசைக்குப் போய், "அந்தப் பக்கம் தூக்குடா" என்றார்.

"என்ன அத்தான்?"

"தூக்குன்னா தூக்கு!"

மச்சான் மேசையைத் தூக்கினான். முள்ளுக்காரர் குனிந்து, காலுக்கு அடியிலிருந்த காகிதத்தை உருவினார். பத்து வருஷப் பாரத்தில் அது அட்டை மாதிரி இறுகியிருந்தது. மடிப்புகளைப் பிரித்தபோது இரண்டு இடத்தில் கிழிந்தது. மேசையின் கால் பட்ட இடத்தில் வட்டமாக ஒரு கறை. கறைக்குக் கீழே இரண்டு கட்டங்கள். அ: தவணையைக் கூட்டவும். ஆ: காலத்தை நீட்டவும். ஒரு மாதத்துக்குள் பதில் இல்லையெனில் 'ஆ' ஏற்கப்படும். இரண்டு கட்டமும் வெள்ளையாக இருந்தன.

மச்சான் மேசையை இறக்கிவைத்தான். மனைவி கையைத் துடைத்துக்கொண்டு வந்து காகிதத்தை வாங்கிப் படித்தாள். மெதுவாக, ஒரு வரியும் விடாமல் படித்தாள்.

"இன்னும் எத்தனை வருஷம்?" என்றாள்.

"பதினொண்ணு."

"இதை நான்தானே உங்க கையில கொடுத்தேன். படிச்சுப் பாருங்கன்னு சொன்னேனா இல்லையா?"

"சொன்ன."

"என்ன செஞ்சீங்க?"

முள்ளுக்காரர் மேசையின் குட்டைக் காலைப் பார்த்தார். அவள் காகிதத்தை மேசைமேல் வைத்தாள். அறையவில்லை, கத்தவில்லை, சும்மா வைத்தாள். அப்படி வைத்ததற்கே மேசை அவள் பக்கம் சாய்ந்து 'டொக்' என்றது. பத்து வருஷம் அமுக்கி வைத்திருந்த ஆட்டம் அத்தனையும் ஒரே நாளில் திரும்பி வந்துவிட்டது. அவள் சமையலறைக்குப் போய்விட்டாள். உள்ளே பாத்திரம் விழுந்த சத்தம் கேட்டது. அது தானாக விழுந்த பாத்திரம் இல்லை.

மச்சானைப் பார்க்க முள்ளுக்காரருக்கு வெட்கமாக இருந்தது. வெட்கம் வந்தால் சில பேர் வாயை மூடிக்கொள்வார்கள். இவருக்கு அது தெரியாது.

"உள்ளுக்குள்ள சிரிக்கிறியா? சிரி. வாடகை வள்ளலுக்குச் சிரிக்க ஒரு நாள் கிடைச்சுது."

மச்சான் ஸ்க்ரூடிரைவரைக் கீழே வைத்தான். இத்தனை வருஷத்தில் அவன் முகம் மாறிப் பார்த்தது அன்றைக்குத்தான்.

"சிரிக்கல அத்தான். நானும் வாடகைதான் கொடுக்கறேன், நீங்களும் வாடகைதான் கொடுத்தீங்க. நான் கொடுக்கறேன்னு எனக்குத் தெரியும். அவ்வளவுதான் வித்தியாசம்."

சொல்லிவிட்டு ஃப்ரிட்ஜின் மூடியைப் பூட்டத் தொடங்கினான். முள்ளுக்காரர் நாற்காலியில் உட்கார்ந்தார். கையை ஊன்றினால் மேசை ஒரு பக்கம் சாய்ந்தது. எடுத்தால் மறுபக்கம் சாய்ந்தது. டொக், டொக். ஆடுகிற எதையும் பொறுத்துக்கொள்ள முடியாத மனிதர், அன்றைக்கு அதைப் பத்து நிமிஷம் பொறுத்துக்கொண்டார். வங்கிக் கடிதத்தை மறுபடி மடித்து அங்கேயே செருக அவருக்குக் கை வரவில்லை. அதை மேசை இழுப்பறையில் வைத்துப் பூட்டினார்.

பிறகு சட்டைப்பையில் கையை விட்டு விருப்ப ஓய்வுக் கடிதத்தை எடுத்தார். அழகாகத் தட்டச்சு செய்து, கையெழுத்தும் போட்ட கடிதம். ஒரு தரம் முழுக்கப் படித்தார். நாலாக மடித்தார். இது கொஞ்சம் மெல்லிய தாள், போதவில்லை. எட்டாக மடித்தார்.

"இன்னொரு தரம் தூக்குடா" என்றார்.

மச்சான் எழுந்து வந்து தூக்கினான். முள்ளுக்காரர் தரையில் மண்டிபோட்டு, குட்டைக் காலுக்கு அடியில் அதைச் செருகினார். இறக்கச் சொன்னார். எழுந்திருக்க மேசையின் விளிம்பைத்தான் பிடித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

மனைவி தட்டுகளோடு வந்து நின்றாள். "என்ன பேப்பர் அது?" என்றாள்.

"பழைய பேப்பர்."

மச்சான் ஒரு மூலையில் விரலை வைத்து அமுக்கிப் பார்த்தான். பிறகு எதிர்மூலையிலும் அமுக்கினான்.

"இப்ப ஆடல அத்தான்" என்றான்.