தறிக்கூடத்துக் கைப்பேச்சு

சலவைக் கூடத்தில் அவளுக்கு யாரும் பட்டப்பெயர் வைக்கவில்லை. வைக்கிற அளவுக்கு யாரும் பழகியதில்லை. ஆஸ்பத்திரியிலிருந்து வரும் போர்வைகளைப் பிரித்து இயந்திரத்தில் போடுவாள், எடுப்பாள், உதறுவாள். இயந்திரங்கள் எல்லாம் ஒன்றாகச் சுழலத் தொடங்கிவிட்டால் பக்கத்தில் நின்று கத்தினாலும் கேட்காது. அந்த நேரத்தில் அவள் கை அவளைக் கேட்காமலே மேலே எழும்.

“என்னக்கா, ஈ ஓட்டுறீங்களா?” என்று இஸ்திரி போடுகிறவள் ஒருநாள் கேட்டாள்.

அவள் சிரித்து மழுப்பினாள். ஈ எதையும் ஓட்டவில்லை. ‘டீ குடிச்சாச்சா?’ என்று கேட்டிருந்தாள். பதில் சொல்லத்தான் அங்கே ஆளில்லை.

நெசவாலையில் இருந்தவரை அவளுக்குப் பெயர் ஊசி. அவ்வளவு ஒல்லி. தறிகள் ஓடும்போது அங்கே வாய்க்கு வேலையில்லை, கைதான் பேசும். நூல் அறுந்துவிட்டது, மேஸ்திரி வருகிறார் என்று யாரோ எந்தக் காலத்திலோ தொடங்கிய பேச்சு. அம்மாவிடமிருந்து மகள், மாமியாரிடமிருந்து மருமகள் என்று கைமாறி, கல்யாணம் பேசி முடிக்கிற அளவுக்கு வளர்ந்துவிட்டிருந்தது. மீசையை முறுக்கினால் மேஸ்திரி. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் ஒட்டினால் ஊசி. ஸ்பேனர் திருகுவதுபோல் மணிக்கட்டைத் திருப்பினால் ஃபிட்டர். அந்த ஃபிட்டர்தான் ஒருநாள் தறிகளுக்கு நடுவில் நின்று, ‘கட்டிக்கிறியா?’ என்று கையால் கேட்டான். கூடமே பார்த்தது. அந்தப் பேச்சில் ரகசியம் கிடையாது. கண் எட்டுகிற தூரம்வரை எல்லாருக்கும் காதுதான்.

காதைப் பொத்தினால் சைரன். ஃபிட்டரின் தங்கை. தறிச் சத்தத்தையும் மீறிக் கேட்கிற ஒரே தொண்டை அவளுடையது என்பதால் அந்தப் பெயர். ஊசிக்கு நாத்தனார், எதிர்த் தறிக்காரி, கல்யாணத்துக்கு முன்பே சிநேகிதி.

ஆலை மூடியது. குடியிருப்பை இடித்தார்கள். ஆட்கள் மூலைக்கு ஒருவராகப் போனார்கள். பலர் ஒரேயடியாகவே போய்ச் சேர்ந்தார்கள். பிள்ளைகளுக்கு யாரும் கைப்பேச்சைச் சொல்லித் தரவில்லை. அந்த இரைச்சல் நம்மோடு போகட்டும் என்று விட்டுவிட்டார்கள். கடைசியில் அது தெரிந்தவர்கள் இந்த ஊரில் இரண்டே பேர் மிஞ்சினார்கள். அந்த இரண்டு பேருக்கும் பேச்சுவார்த்தை இல்லை.

பழைய தொழிலாளர் குடும்பங்களின் வாழ்க்கையைப் படம் பிடித்துச் சேர்த்து வைக்கிற ஓர் அலுவலகம் இருந்தது. அங்கிருந்து ஒரு பெண் ஊசியைத் தேடி வந்தாள். தொங்கும் காமிராப் பையோடு வாசலில் நின்று, “அம்மா, உங்க கையில ஒரு மொழி இருக்காமே?” என்றாள். இத்தனை வருஷத்தில் அதை ஒரு மொழி என்று சொன்ன முதல் ஆள்.

முதலில் அலுவலக அறையில் உட்காரவைத்துப் பார்த்தார்கள். ஒவ்வொரு சொல்லாகச் செய்து காட்டினாள். ஆனால் பேச்சாக வரவில்லை.

“யார்கிட்டம்மா பேசுறது? சுவத்துகிட்டயா?” என்றாள். “இன்னொரு கை வேணும் கண்ணு. சத்தமும் வேணும்.”

“இன்னொருத்தர் இருக்காங்களா?”

ஊசி முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். “இருக்கா. நான் கூப்பிட்டா வரமாட்டா. நீ கேட்டுப் பாரு.”

சைரன் வந்தாள். வாயைத் திறக்கச் சொல்லக் கூடாது என்று ஒரே ஒரு நிபந்தனை. “அதுதானேம்மா எங்களுக்கும் வேணும்!” என்று பதிவுக்காரப் பெண் மகிழ்ந்துபோனாள். பாவம், அவளுக்கு விஷயம் தெரியாது.

விஷயம் இதுதான். ஃபிட்டர் கடைசியாக ஆஸ்பத்திரியில் கிடந்தபோது தொண்டையில் குழாய் போட்டிருந்தார்கள். வாய்ப்பேச்சு நின்றுவிட்டது; கைப்பேச்சு மட்டும் இருந்தது. ஊசி வெந்நீர் வாங்கக் கீழே போன நேரத்தில் அவன் போய்விட்டான். கூட இருந்தவள் தங்கை. “ஏதாவது சொன்னாரா?” என்று ஊசி கேட்டாள். “ஒண்ணும் சொல்லலை அண்ணி” என்றாள் சைரன். பக்கத்துக் கட்டில்காரி சும்மா இருந்திருக்கலாம். “கையை ஆட்டி ஆட்டி என்னமோ பேசிட்டிருந்தாரேம்மா” என்று துக்கம் கேட்க வந்த இடத்தில் சொல்லிவைத்தாள். அன்றைக்கு முறிந்தது. கணவனின் கடைசிப் பேச்சைத் திருடி வைத்துக்கொண்டவளோடு என்ன உறவு?

விடுமுறை நாளில் சலவைக் கூடத்திலேயே படப்பிடிப்பை வைத்துக்கொண்டார்கள். சூப்பர்வைசர் இயந்திரங்களைச் சும்மா ஓடவிட்டார். ஆளுக்கொரு பக்கம் நின்றார்கள், முன்பு எதிரெதிர்த் தறிகளில் நின்றதுபோல. சத்தம் ஏறியது. காமிராவின் சிவப்புப் புள்ளி எரிந்தது.

முதலில் சைரனின் கை எழுந்தது. ‘தலை நரைச்சுப் போச்சு உனக்கு.’

‘உனக்கு மட்டும் என்னவாம்?’

‘நான் சாயம் பூசுறேன்.’

‘தெரியுது. காதுலயும் பூசியிருக்கே.’

சைரன் அவசரமாகக் காதைத் துடைத்தாள். துடைக்கிற கை பேசுகிற கையா என்று தெரியாமல் பதிவுக்காரப் பெண் அதையும் குறித்துக்கொண்டாள். கொஞ்ச நேரம் கால் வலி, மேஸ்திரியின் சாவு, யார் வீட்டில் யார் என்று போயிற்று. ஊசிக்கு விரல்களில் ரத்தம் ஓடுவது தெரிந்தது. எத்தனை நாளாயிற்று! பிறகு, கேட்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டு வந்ததைக் கை கேட்டேவிட்டது.

‘என்ன சொன்னார்?’

சைரன் கைகளைத் தொங்கவிட்டு நின்றாள். இயந்திரங்கள் சுழன்றன. பிறகு மணிக்கட்டைத் திருப்பினாள்: ஃபிட்டர். அதன்பின் அவள் கை அவள் கையாக இல்லை. அவன் பேசும் தினுசிலேயே, சோம்பலாக, முழங்கையை உடம்போடு ஒட்டி வைத்துக்கொண்டு சொன்னாள்.

‘ஊசியைக் கூப்பிடாதே. பயந்துடுவா.’

ஊசியின் கை உடனே எழுந்தது.

‘ஏன் அப்பவே சொல்லலை?’

‘சொன்னா அவனைத் திட்டுவ. செத்தவனை ஏன் திட்டணும்? என்னைத் திட்டிக்கோன்னு விட்டுட்டேன்.’

இதைச் சொல்லும்போது சைரனின் முகம் நனைந்திருந்தது. படம் முடிந்ததும் பையை எடுத்துக்கொண்டு, ஒருத்தருக்கும் ஒரு வார்த்தை சொல்லாமல் வெளியேறினாள். நிபந்தனை நிபந்தனைதான்.

அந்த வாரம் முழுவதும் ஊசிக்கு வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. அவன் வேண்டாம் என்றிருக்கிறான். அவள் பயந்துவிடுவாளாம். அவனுக்குக் குழாய் போட்டதைப் பார்த்தவள், மலம் எடுத்தவள், அவளா பயப்படுவாள்? படுக்கையில் உட்கார்ந்து காலியான நாற்காலியைப் பார்த்துக் கையால் வைதாள். நாற்காலி வாங்கிக்கொண்டது. இத்தனை காலம் கோபித்துக்கொள்ள ஒருத்தி இருந்தாள். அவளை நினைத்துக்கொண்டே சமைக்கலாம், துணி மடிக்கலாம். இப்போது அந்தத் துணையும் போயிற்று.

பதிவுக்காரப் பெண் அலுவலகத்துக்கு வரச் சொல்லியிருந்தாள். படத்தை ஓட்டி, ஒவ்வொரு கையசைவுக்கும் அடியில் அர்த்தம் எழுத வேண்டும். திரையில் நரைமுடி, காது, மேஸ்திரி எல்லாம் வந்தன. ஊசி சொல்லச் சொல்ல அவள் தட்டச்சு செய்தாள். சாயப் பேச்சுக்கு வாய்விட்டுச் சிரித்தாள். பிறகு அந்த இடம் வந்தது.

“இங்க என்னம்மா சொல்றாங்க? அவங்க முகமே மாறுது.”

ஊசியின் வாயில் வந்தது வேறு. “அதுவா? நூல் அறுந்துபோச்சு, தறியை நிறுத்துங்கிறா.”

“அழுறாங்களே?”

“அங்க பஞ்சுத் தூசு கண்ணுல விழும். அப்படி நடிச்சுக் காட்டுறா.”

அவள் தலையாட்டி எழுதினாள். அதற்கடுத்த கையசைவுகளையும் ஊசி சொன்னபடி நூல், தறி என்றே எழுதினாள். எழுதிவிட்டுப் பின்னோக்கி ஓட்டினாள். “அம்மா, அன்னைக்கு ‘கூப்பிடு’ன்னு சொன்னப்பவும் இதே அசைவைத்தான் காட்டினீங்க. அப்போ கூப்பிடுறதுக்கும் நூலுக்கும் ஒரே சைகையா?”

“ம்.”

“சூப்பர்மா. இடத்தைப் பொறுத்து அர்த்தம் மாறுது. அகராதியில இதைத் தனியாவே போட்டுடறேன். நாளைக்கு யாராவது கத்துக்கணும்னா இதைப் பார்த்துதானே கத்துக்குவாங்க?”

ஊசி வெளியே வந்து நடந்தாள். பேருந்து நிறுத்தத்தைத் தாண்டிவிட்டதுகூடத் தெரியவில்லை. அவளும் சைரனும் போனபிறகு, யாரோ ஒருத்தி அந்தப் படத்தைப் போட்டுப் பார்ப்பாள். ஃபிட்டரின் கை அப்படியே சைரனின் கையில் எழும். ‘கூப்பிடாதே’ என்று சொல்லும். பார்க்கிறவள் நூல் அறுந்ததாகப் படித்துக்கொள்வாள். எத்தனையோ பேர் சேர்ந்து வளர்த்த பேச்சு, ஒருத்தியின் கூச்சத்தால் கோணலாகிவிடும். உண்மையைச் சொன்னாலோ, தன் வீட்டுச் சாவு ஊருக்கே வேடிக்கையாகும். அது தன் ஒருத்தி வீட்டுச் சாவும் இல்லை. பேசியவள் சைரன்.

சைரன் ஒரு டயர் கடைக்கு மேலே மாடியில் குடியிருந்தாள். ஊசிக்குப் படியேறத் துணிவு வரவில்லை. சாலைக்கு இந்தப் பக்கம் நின்றாள். லாரியும் பேருந்துமாக ஒரே இரைச்சல். வெகுநேரம் கழித்துச் சைரன் துணி உலர்த்த மாடி முகப்புக்கு வந்தாள். ஊசி காதைப் பொத்திக் காட்டினாள்.

ஒரு ஆட்டோ வந்து நின்றது. “எங்கம்மா போகணும்?”

“எங்கயும் இல்லப்பா.”

“பின்ன எதுக்குக் கையைக் காட்டுறீங்க?” என்று முணுமுணுத்துக்கொண்டு போனான்.

மேலே சைரன் ஈரத்துணியைத் தோளில் போட்டுக்கொண்டு பார்த்தாள். ‘என்ன?’

‘அர்த்தம் கேட்டாங்க. நூல் அறுந்துதுன்னு சொல்லிட்டேன்.’

சைரனின் தோள்கள் குலுங்கின. சிரிப்புதான். சிரித்து முடித்துக் கேட்டாள். ‘எழுதிட்டாங்களா?’

‘அகராதியில போடப் போறாங்க.’

சிரிப்பு நின்றது. ‘நாம போனப்புறம் அதைத் தப்புன்னு சொல்ல யாரு இருக்கா?’

‘அதான் கேட்க வந்தேன். மாத்தவா?’

சைரன் கொடியைப் பார்த்தாள், கீழே டயர் கடையைப் பார்த்தாள். பக்கத்துப் பேருந்து நிறுத்தத்தில் நின்றவர்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்கள். ‘மாத்து.’

‘நீ அழுதது எல்லாருக்கும் தெரிஞ்சுடும்.’

‘என் முகம்தானே. பார்க்கட்டும்.’

ஊசி ஒரு கையை நெஞ்சில் வைத்து, பின் மேல்நோக்கி நீட்டினாள். ‘மேலே வரட்டுமா?’

அப்போது ஒரு பேருந்து குறுக்கே வந்து நின்றது. ஆட்கள் இறங்கினார்கள், ஏறினார்கள், யாரோ சில்லறைக்குச் சண்டை போட்டார்கள். பேருந்து நகர்ந்தபோது மாடியில் துணி மட்டும் சொட்டிக்கொண்டிருந்தது. பார்த்துவிட்டு உள்ளே போனாளா, பார்க்காமலே போனாளா என்று தெரியவில்லை. ஊசி கையை நீட்டியபடியே கொஞ்சம் நின்றாள். இன்னொரு ஆட்டோ வேகம் குறைத்தது. கையை மடக்கிக்கொண்டு வந்த வழியே நடந்தாள்.

பதிவுக்காரப் பெண் அலுவலகத்தைப் பூட்டப் போகும் நேரம். “என்னம்மா, எதையாவது மறந்து வெச்சிட்டீங்களா?”

“ஒரு இடம் மாத்தணும். போடு.”

திரையில் சைரன் மணிக்கட்டைத் திருப்பினாள். ஊசி முந்தானையால் உதட்டைத் துடைத்தாள். அதுவரை அந்த வார்த்தைகளை யாரும் குரலால் சொன்னதில்லை. அவன் கையால் சொன்னான், தங்கை கையால் சொன்னாள். என்ன குரலில் சொல்வது என்று பிடிபடாமல், துணிக்கணக்கு ஒப்பிப்பதுபோல் சொன்னாள்.

“ஊசியைக் கூப்பிடாதே. பயந்துடுவா.”

“ஊசின்னா?”

“நான்தான். சொல்றது என் வீட்டுக்காரர். கடைசியாச் சொன்னது.”

தட்டச்சு நின்றது. பெண்ணின் கண்கள் திரைக்கும் அவளுக்கும் போய்வந்தன. “அம்மா, இதை வேணும்னா எடுத்துடலாம். யாருக்கும் தெரியாது.”

“எடுத்தா ‘கூப்பிடாதே’ங்கிறதை எங்க பார்ப்பாங்க? இவ ஒருத்திதான் சரியாச் செய்றா. எழுது.”

அவள் எழுதினாள்.

“சரியா எழுதிட்டியா? படி.”

படித்தாள். இளங்குரலில் அது வேறு யாருடைய வீட்டுப் பேச்சோ போல இருந்தது. ஊசி நாற்காலியை இன்னும் கொஞ்சம் திரைக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

“அடுத்ததை ஓட்டும்மா. அதுவும் நூல் இல்லை.”