நாடா முடிச்சு

பனியன் கடைகள் நிறைந்த காதர்பேட்டையில் எங்கள் சந்துக்கு ஒரு வழக்கம் உண்டு. சரக்கு மூட்டை என்றால் வாயைக் கோணி ஊசியால் தைத்திருக்கும். குப்பை மூட்டை என்றால் பனியன் துணி நாடாவால் கட்டியிருக்கும். மற்றபடி எல்லாம் ஒரே வெள்ளைச் சாக்குதான். தூய்மைப் பணியாளர் செல்லத்தாய் மூட்டையின் வாயை மட்டும்தான் பார்ப்பார். சங்கரன்கோவில் பக்கத்துக்காரர், ஒன்பது வருடமாக இதே சந்தில் குப்பை எடுக்கிறார்.

செவ்வாய்க்கிழமை பசீர் அகமது கடையில் ஊசி உடைந்துவிட்டது. அவசரத்தில் அவரே சரக்கு மூட்டையை நாடாவால் கட்டி வாசலில் வைத்துவிட்டு டீ குடிக்கப் போனார். எதிரே என் லேபிள் கடையிலிருந்து அதை நான் பார்த்தேன். சற்று நேரத்தில் குப்பை வண்டி வந்தது, மூட்டை அதில் போய்விட்டது.

திரும்பி வந்த பாய் துப்புரவு சூப்பர்வைசருக்கு போன் போட்டார். அவர் செல்லத்தாயை அழைத்து வந்தார்.

"தெரிஞ்சேதான் தூக்கிட்டா, திருடி!" என்று சந்துக்கே கேட்கக் கத்தினார் பாய்.

"நாடா கட்டிக் கெடந்துச்சுய்யா" என்றார் செல்லத்தாய்.

"தச்சுத்தான் வெச்சேனுங்க!" என்று சூப்பர்வைசரிடம் சாதித்தார் பாய்.

மூட்டை கிடைக்காவிட்டால் இனி வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார் சூப்பர்வைசர். பாய் எனக்குப் பெரிய வாடிக்கை. நான் வாயைத் திறக்கவில்லை. இதில் பெருமைப்பட ஒன்றுமில்லை.

அன்று முழுக்க செல்லத்தாய் குப்பைக் கிடங்கைக் கிளறியிருக்கிறார். மறுநாள் காலை மூட்டையைத் தலையில் சுமந்து வந்து கடை வாசலில் இறக்கினார். குடலைப் பிடுங்கும் நாற்றம். நாடா மட்டும் அவிழாமல் இருந்தது.

பாய் குனிந்து அதைப் பார்த்தார். "இது என்ற கையால போட்ட முடிச்சுதாம்மா" என்றார் மெதுவாக. "தப்பு என்மேலதான். சூப்பர்வைசருக்குச் சொல்லிப்போடறேன். துணியெல்லாம் நீயே வெச்சுக்க."

"துணி வேண்டாம்யா. திருடின்னு சந்துக்கே கேக்கத்தான சொன்னீய? இதையும் அப்படியே சொல்லுங்க."

பாய் படியிறங்கிச் சந்துக்கு வந்து குரலை உயர்த்தினார். "செல்லத்தாய் திருடலீங்க! நாந்தான் நாடால கட்டி வெச்சேன்!"

கடைகளிலிருந்து தலைகள் எட்டிப் பார்த்தன. செல்லத்தாய் என் பக்கம் திரும்பினார். "ஒங்களுக்குக் கேட்டுச்சாய்யா?"

"கேட்டுச்சுங்க" என்றேன். நேற்றே தெரியும் என்று சொல்ல அப்போதும் எனக்கு வாய் வரவில்லை.